பெயர் வைக்காத தாழ்வு மண்டலமும் எங்கள் ஊர்ச் சுவர்களும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நான் குடியாத்தத்தில் கட்டட மேஸ்திரி. உங்கள் நாளிதழைப் பல வருடமாக வீட்டுக்கு வாங்கிப் படிக்கிறவன். சென்ற வாரம் வடகிழக்குப் பருவமழையை ஒட்டி ஒரு சிறப்புப் பக்கம் போட்டிருந்தீர்கள். தமிழ்நாட்டைத் தாக்கிய புயல்கள் வரிசையாக, காற்றின் வேகத்தோடு இருந்தன. 2011 தானே, 2016 வர்தா, 2018 கஜா. கடலூரில் முந்திரியும் பலாவும் சாய்ந்ததையும் டெல்டாவில் தென்னை தோப்பு தோப்பாக விழுந்ததையும் யாரும் மறக்கக் கூடாது. அதில் எனக்குக் குறை ஒன்றும் இல்லை. ஆனால் எங்கள் வேலூர் மாவட்டத்தில் ஒரே காலையில் ஒன்பது உயிரைக் கொண்டுபோன ஒன்று அந்தப் பக்கத்தில் இல்லை. அதற்கு யாரும் பெயரே வைக்கவில்லை, அதனால்தான் பட்டியலுக்குள் வரவில்லை என்று நினைக்கிறேன்.

2021 நவம்பர் 19-ஐச் சொல்கிறேன். அன்று அதிகாலை மூன்று மணிக்கும் நான்கு மணிக்கும் இடையில், சென்னைக்குப் பக்கத்தில் கரையைக் கடந்தது ஒரு காற்றழுத்தத் தாழ்வு மண்டலம். அவ்வளவுதான் அதன் தகுதி. புயலும் இல்லை, ஆழ்ந்த தாழ்வு மண்டலமும் இல்லை. அன்று காலை பேரணாம்பட்டில் சுவர் இடிந்து விழுந்து ஒன்பது பேர் இறந்தார்கள். அதில் நான்கு பேர் குழந்தைகள். அதே தாழ்வு மண்டலத்தின் மழையில்தான் ஆந்திராவில் கடப்பா மாவட்டத்தில் செய்யேரு ஆற்றின் அன்னமய்யா அணை உடைந்து, வெள்ளம் கீழே இருந்த கிராமங்களுக்குள் புகுந்தது. திருப்பதி தெருக்களில் ஆறு ஓடியது. பாலாற்றில் வினாடிக்கு ஒரு லட்சம் கன அடிக்கு மேல் தண்ணீர் போனது. நூறு வருடத்தில் இப்படிப் பார்த்ததில்லை என்று பெரியவர்கள் சொன்னார்கள். விரிஞ்சிபுரம் தரைப்பாலம் அடித்துக்கொண்டு போனது. இத்தனையும் செய்த ஒன்றுக்குப் பட்டியலில் இடம் இல்லை என்றால், பட்டியல் போடும் முறையைத்தான் கொஞ்சம் மாற்ற வேண்டும்.

வானிலைத் துறை எப்படி வரிசைப்படுத்துகிறது என்பது இப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கும் தெரியும். சுற்றும் காற்று மணிக்கு 31 கிலோமீட்டரைத் தொட்டால் தாழ்வு மண்டலம். 50-ஐத் தாண்டினால் ஆழ்ந்த தாழ்வு மண்டலம். 62-ஐத் தொட்டால் புயல், அப்போதுதான் பெயர் கிடைக்கும். 89-க்கு மேல் போனால் தீவிரப் புயல். இது எல்லாமே காற்றின் அளவு. கடலில் போகிறவர்களுக்கும் துறைமுகத்துக்கும் கடற்கரை ஊர்களுக்கும் இந்த அளவு உயிர் காக்கும் அளவு, சந்தேகம் இல்லை. ஆனால் கடலிலிருந்து நூறு கிலோமீட்டருக்கு மேல் உள்ளே, மலைகளுக்கு நடுவில் இருக்கிற எங்களுக்குக் காற்று வந்து சேர்வதற்குள் அடங்கிவிடுகிறது. மழை அடங்குவதில்லை. எவ்வளவு தண்ணீரைச் சுமந்துகொண்டு வருகிறது, எவ்வளவு மெதுவாக நகர்கிறது, எந்த மலையில் மோதுகிறது, ஏற்கெனவே மண் எவ்வளவு ஊறியிருக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் எங்களுக்குச் சேதம். இதில் ஒன்றைக்கூட அந்த வரிசை சொல்வதில்லை.

சூடான கடலில் ஆவியாகி ஏறுகிற ஈரம்தான் இவற்றுக்குத் தீனி. அந்த ஈரம் மேலே குளிர்ந்து மழையாகும்போது வெளிவிடுகிற வெப்பம் இன்னும் காற்றை மேலே இழுக்கும். மேலடுக்குக் காற்று குறுக்கே வெட்டாமல் இருந்தால் சுழல் இறுகிப் புயலாகும். வெட்டினால் இறுகாமல், குலைந்தபடியே கரைக்கு வரும். இறுகாத சுழலிலும் தண்ணீர் குறைவதில்லை. அது நம் பக்கம் வந்து ஜவ்வாது மலையிலோ சித்தூர்ப் பக்கத்து மலைகளிலோ ஏறும்போது கொட்டித் தீர்க்கிறது. 2021-ல் இன்னொன்றும் சேர்ந்துகொண்டது. அதற்கு எட்டு நாள் முன்னால், நவம்பர் 11 அன்று, இன்னொரு தாழ்வு மண்டலம் சென்னைக்குப் பக்கத்திலேயே கரை கடந்திருந்தது. அதற்கும் பெயர் இல்லை. அது நனைத்துவிட்டுப் போன மண் காயவே இல்லை. ஏரிகள் நிரம்பி நின்றன. இரண்டாவது வந்தபோது தண்ணீரை உள்ளே வாங்க நிலத்தில் இடம் இல்லை. தனித்தனியாக எடுத்துப் பார்த்தால் இரண்டுமே சின்னது. எங்கள் ஊர் சுவர்களுக்கு இரண்டும் ஒன்றாகத்தான் வந்தன.

அந்த வாரம் எனக்கு பேரணாம்பட்டிலும் குடியாத்தத்திலும் புது வேலை எதுவும் ஓடவில்லை. சுவரைப் பார்த்துச் சொல்லுங்கள் என்று கூப்பிட்டவர்கள் வீட்டுக்குத்தான் போய்க்கொண்டிருந்தேன். ஒரு ஆயா வீட்டில் பின்பக்கச் சுவர் நன்றாக ஊறியிருந்தது. முன் அறைக்குப் படுக்கையை மாற்றிக்கொள்ளுங்கள், முடிந்தால் மகள் வீட்டுக்குப் போய் ஒரு வாரம் இருங்கள் என்றேன். அந்த அம்மா, "இன்னா மேஸ்திரி நீ, வெறும் தாழ்வுதான்னு டிவியில சொன்னானே, அதுவும் கரையைத் தாண்டிப் போயிடுச்சாமே" என்றார். அவர் மேல் ஒரு தப்பும் இல்லை. டிவியும் நாளிதழும் அப்படித்தான் சொல்லியிருந்தன. தாழ்வு மண்டலம் கரையைக் கடந்தது, வலுவிழந்தது என்று போட்டுவிட்டு மறுநாள் வேறு செய்திக்குப் போய்விட்டார்கள். அந்த அம்மாவுக்கு ஆபத்து அப்போதுதான் தொடங்கியிருந்தது.

சுவரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல அனுமதியுங்கள். எனக்குத் தெரிந்த விஷயம் அதுதான்.

பேரணாம்பட்டு, குடியாத்தம், ஆம்பூர், வாணியம்பாடி மாதிரி பழைய ஊர்களின் உள் தெருக்களில் இன்னும் எத்தனையோ வீடுகள் மண் சாந்து வைத்துக் கட்டியவை. வெளியிலிருந்து பார்த்தால் தெரியாது. அப்புறம் வந்த தலைமுறை மேலே சிமெண்ட் பூசி, பெயின்ட் அடித்து, சில இடத்தில் டைல்ஸ் கூட ஒட்டியிருக்கும். உள்ளே கருங்கல்லுக்கும் செங்கல்லுக்கும் நடுவில் இருப்பது களிமண்தான். காய்ந்திருக்கும் வரை அந்த மண் கெட்டியாக நிற்கும், பாரம் தாங்கும், அதனால்தான் இத்தனை வருடம் நின்றது. ஊறினால் பிடிப்பு போய்விடும். சிமெண்ட் பூச்சு தண்ணீரை வெளியே நிறுத்திவிடும் என்றுதான் வீட்டுக்காரர் நினைக்கிறார். நடப்பது வேறு. கைப்பிடிச் சுவர் ஓரத்து விரிசல் வழியாகவும் அஸ்திவாரத்திலிருந்து ஓதமாகவும் ஏறுகிற தண்ணீர், பூச்சுக்குப் பின்னால் மாட்டிக்கொண்டு வெளியே வர வழியில்லாமல் நிற்கிறது. பழைய சுண்ணாம்புப் பூச்சாக இருந்தால் சுவர் மூச்சுவிட்டுக் காய்ந்துவிடும். சிமெண்ட் அதை விடாது. அதனால் மழை நின்று இரண்டு நாள் வெயில் அடித்த பிறகும் உள்ளே மண் சேறாகவே இருக்கும்.

இதற்கு மேல் மாடியில் நிற்கிற தண்ணீர். வடிகால் குழாயில் வேப்பிலையோ பாலிதீன் பையோ அடைத்துக்கொண்டு, பத்தடிக்குப் பத்தடி மாடியில் அரை அடித் தண்ணீர் நின்றால் ஏறக்குறைய 1,400 கிலோ பாரம். அது ஊறிய சுவர் தலையில்தான் இறங்கும். எங்கள் ஊர்களில் வீட்டுக்கு வீடு இடைவெளி கிடையாது, பொதுச் சுவர்தான். ஒரு வீட்டுக்காரர் தன் பக்கம் இடித்து இரண்டு மாடி எழுப்பியிருப்பார், பக்கத்து வீடு ஓட்டு வீடாகவே இருக்கும். உயரமான சுவர் சாய்ந்தால் எந்தப் பக்கம் விழும் என்று சொல்லத் தேவையில்லை. கீழே இருப்பவருக்குத் தன் வீடு நன்றாக இருக்கிறது என்கிற நிம்மதியில் தூக்கம் வரும். விழுவது அடுத்தவர் சுவர்.

விழப்போகிற சுவர் பெரும்பாலும் முன்கூட்டியே காட்டிக்கொடுக்கும். கால் பக்கத்தில் ஓதம் முழங்கால் உயரத்தைத் தாண்டி ஏறியிருக்கும். பூச்சைத் தட்டினால் டப்டப் என்று வெற்றுச் சத்தம் கேட்கும். நேற்று லேசாக மூடிய கதவு இன்று நிலையில் இறுகும். சுவர் வயிறு தள்ளியிருக்கும். கண்ணால் தெரியாவிட்டாலும் தூக்குக்குண்டு விட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும். இரவில் மண் உதிர்கிற சத்தம் கேட்டால் சாமானை எடுக்கக்கூட நிற்கக் கூடாது. இவ்வளவையும் ஒரு நாளிதழ் கால் பக்கத்தில் படம் போட்டுச் சொல்லிவிடலாம். சூறைக் காற்று அடித்தால் மரத்தடியில் நிற்காதீர்கள், ஜன்னலை மூடுங்கள் என்று வருடா வருடம் போடுகிறீர்கள். ஊறிய சுவரைப் பற்றி ஒரு வரி நான் பார்த்ததில்லை. எங்கள் பக்கத்தில் மழைக்காலச் சாவில் சுவருக்கு எவ்வளவு பங்கு இருக்கிறது என்று உங்கள் மாவட்டச் செய்தியாளரைக் கேட்டுப் பாருங்கள்.

நம் ஊர் மட்டும் இப்படி என்று சொல்ல முடியாது. எங்கள் தெருப் பையன் ஒருவன் பிலிப்பைன்ஸில் டாக்டருக்குப் படிக்கிறான். அவன் விடுமுறையில் வந்தபோது ஓர்மோக் என்கிற ஊரைப் பற்றிச் சொன்னான். லெய்ட்டே என்ற தீவில் இருக்கிறது. 1991 நவம்பர் 5 அன்று தெல்மா என்கிற புயல் அந்தத் தீவைக் கடந்தது. காற்று மணிக்கு எழுபது, எண்பது கிலோமீட்டர்தான். இருநூறு கிலோமீட்டர் காற்றையே பார்த்துப் பழகிய நாடு அது, இதை யாரும் பெரிதாக நினைக்கவில்லை. சில மணி நேரத்தில் மலையிலிருந்து இறங்கிய வெள்ளம் ஓர்மோக் ஊருக்குள் புகுந்து ஐயாயிரம் பேருக்கு மேல் இறந்துபோனார்கள். மலையில் காடு போயிருந்தது, கரும்பு போட்டிருந்தார்கள். ஆற்று வளைவில், வெள்ளம் வரவேண்டிய இடத்தில், ஏழைகள் குடிசை போட்டு ஒரு தனி ஊராகவே இருந்தார்கள். அங்கேதான் அதிகச் சாவு. அவன் சொல்லச் சொல்ல எனக்கு எங்கள் ஊர்க் கவுண்டன்யா ஆற்றோரம்தான் கண் முன்னால் வந்தது.

அவ்வளவு தூரம் போக வேண்டாம். 2025 நவம்பர் இறுதியில் இலங்கையைப் புரட்டிப்போட்ட டிட்வா புயலும் காற்றுக் கணக்கில் கீழ்ப் படிதான். அறுநூறு பேருக்கு மேல் இறந்தார்கள். பெரும்பாலும் மலைச்சரிவும் வெள்ளமும். கண்டி, பதுளை, நுவரெலியா பக்கம் தேயிலைத் தோட்டத்து லயங்களில், அதாவது வரிசை வீடுகளில், இருக்கிற நம் ஜனங்களும் அதில் மாட்டிக்கொண்டார்கள். அதற்கு முந்தைய வருடம் ஃபெஞ்சல். அது வருமா வராதா, புயலாகுமா ஆகாதா என்று நான்கைந்து நாள் எல்லோரையும் அலைக்கழித்தது. நவம்பர் 25 வாக்கில் தாழ்வு மண்டலம், அப்புறம் ஆழ்ந்த தாழ்வு மண்டலம், 27-ம் தேதி புயலாகும் என்றார்கள், ஆகவில்லை. 29-ம் தேதிதான் பெயர் கிடைத்தது. 30-ம் தேதி இரவு புதுச்சேரி பக்கம் கரையைக் கடந்தது. கடந்த பிறகு பல மணி நேரம் அதே இடத்தில் நின்றது. அந்த நிலையில் புதுச்சேரியில் 48 சென்டிமீட்டர் மழை. மறுநாள் டிசம்பர் 1, திருவண்ணாமலையில் மலைச்சரிவில் வ.உ.சி. நகரில் ஒரே வீட்டில் ஏழு பேர் மண்ணுக்கு அடியில் போனார்கள். அதிலும் ஐந்து பேர் குழந்தைகள். அதற்கும் அடுத்த நாள் காலைக் கணக்கில் ஊத்தங்கரையில் 50 சென்டிமீட்டர் மழை. நிறுத்தி வைத்திருந்த வேன்கள் ரோட்டில் மிதந்து போனதை எல்லோரும் போனில் பார்த்தோம். ஊத்தங்கரை எங்கே இருக்கிறது? திருப்பத்தூருக்குப் பக்கத்தில். கடலைப் பார்க்கவே அங்கிருந்து பல மணி நேரம் பயணம் செய்ய வேண்டும். கரை கடந்து ஒரு நாளுக்கு மேலாகி, வலு குறைந்துகொண்டே வந்த நேரத்தில்தான் அங்கே அவ்வளவு மழை கொட்டியது. அந்த மழை இன்னும் கொஞ்சம் வடக்கே தள்ளிப் பெய்திருந்தால் ஆம்பூரும் பேரணாம்பட்டும் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது.

ஆற்று விஷயமும் இதே கதைதான், அதனால் சுருக்கமாகச் சொல்கிறேன். பாலாறு வறண்டு கிடந்து பழகிவிட்டது எங்களுக்கு. கிரிக்கெட் ஆடுகிறோம், லாரி ஓட்டுகிறோம், குப்பை கொட்டுகிறோம், கரையைத் தாண்டி வீடும் கட்டிவிட்டோம். 1903 நவம்பர் 12-ல் வாணியம்பாடியில் இந்த ஆறுதான் மேலே ஏரிகள் உடைந்து வந்த வெள்ளத்தில் ஊரையே அழித்தது என்பது இன்றைய பிள்ளைகளுக்கு நம்ப முடியாத கதை. எங்கள் ஊர்களுக்குத் தண்ணீர் வருவது தலைக்கு மேல் இருக்கிற மேகத்திலிருந்து மட்டும் இல்லை. கவுண்டன்யா ஆறு மோர்தானா அணை நிரம்பி வழிந்து வரும். மலட்டாறு பேரணாம்பட்டுப் பக்கம் மலையிலிருந்து வரும். பொன்னை ஆறு சித்தூர்ப் பக்கத்திலிருந்து, கலவகுண்டா அணையைத் திறந்தால் வரும். இங்கே வெயில் அடிக்கும், துணி காயப் போட்டிருப்போம், ஆற்றில் வெள்ளம் வரும். மழை விட்டுவிட்டதே என்று தரைப்பாலத்தில் வண்டியை இறக்குகிறவன் அந்தத் தண்ணீரில்தான் போகிறான். முழங்காலளவு தண்ணீர் வேகமாக ஓடினால் பைக்கோடு ஆளைத் தள்ளிவிடும். 2021 வெள்ளம் வடிந்து ஒரு மாதம் கழித்து, டிசம்பரில், திருவலத்துக்கும் முகுந்தராயபுரத்துக்கும் நடுவில் பொன்னை ஆற்று ரயில் பாலத்துத் தூணில் சேதம் தெரிந்து ரயில்களை நிறுத்தினார்கள். கல் தூணுக்கே சேதம் ஒரு மாதம் கழித்துத்தான் தெரிகிறது. மண் சுவர் எந்த மூலை?

இதெல்லாம் அதிகாரிகளுக்குத் தெரியாதா என்று கேட்கலாம். தெரியும். மழைக்கு முன்னால் கூட்டம் நடத்துகிறார்கள், தாழ்வான பகுதிகளைக் கணக்கெடுக்கிறார்கள், பள்ளிக்கூடத்தையும் கல்யாண மண்டபத்தையும் தயாராக வைக்கிறார்கள். அதைக் குறை சொல்ல மாட்டேன், ராத்திரி பகலாக ஓடுகிற ஊழியர்களை நேரில் பார்த்திருக்கிறேன். ஆனால் கணக்கெடுப்பு தண்ணீர் நிற்கிற இடங்களைப் பற்றியது. பழைய சுவர்களைப் பற்றிக் கணக்கு கிடையாது. வார்டு வாரியாக ஐம்பது வருடத்துக்கு மேற்பட்ட மண் சாந்து வீடுகள் எத்தனை, அதில் பொதுச் சுவர் எத்தனை, உள்ளே வயதானவர்கள், குழந்தைகள் எத்தனை பேர் என்று ஒரு பட்டியல் நகராட்சியிலும் பேரூராட்சியிலும் இருந்தால், தாழ்வு மண்டலம் இரண்டாவது முறை வரும்போது யார் கதவை முதலில் தட்ட வேண்டும் என்று தெரியும். ஜனங்கள் முகாமுக்கு வர மாட்டேன் என்கிறார்கள் என்று சொல்வார்கள். உண்மைதான். ஆட்டை எங்கே கட்டுவது, தறியை யார் பார்ப்பது, வயதுப் பெண்ணை வைத்துக்கொண்டு மண்டபத்தில் எப்படிப் படுப்பது என்று அவர்களுக்கு நூறு கவலை. பெண்களுக்குத் தனி அறையும் கழிப்பறையும் பூட்டுகிற கதவும் இருக்கிறது என்று தெரிந்தால் பாதிப் பேர் வருவார்கள் என்பது என் எண்ணம்.

நாளிதழிடம் நான் கேட்பது பெரிய காரியம் இல்லை. புயலோ தாழ்வோ கரையைக் கடந்த அன்றே செய்தியை முடித்துவிடாதீர்கள். அடுத்த மூன்று நாளுக்கு எங்கள் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் பதிப்பில் ஒரு சின்னக் கட்டம் போடுங்கள். அந்தப் பருவத்தில் அன்று வரை குடியாத்தத்தில், பேரணாம்பட்டில், ஆம்பூரில், காட்பாடியில், பொன்னையில் மொத்தம் எவ்வளவு மழை பெய்திருக்கிறது, மோர்தானாவில் எவ்வளவு தண்ணீர், கலவகுண்டாவில் எவ்வளவு திறந்தார்கள், எந்தத் தரைப்பாலம் மூடியிருக்கிறது. கூடவே 1077 என்கிற மாவட்டப் பேரிடர் உதவி எண்ணையும், சுவரைத் தட்டிப் பார்க்கச் சொல்லி ஒரு வரியும். ஒரு நாள் மழையை மட்டும் போட்டால் போதாது. மண்ணுக்கும் சுவருக்கும் சேர்ந்து போகிற மொத்தக் கணக்குதான் கணக்கு. புயல் பட்டியலைப் புத்தகமாகவோ மலராகவோ மறுபடி போடும்போது, காற்றின் வேகத்துக்குப் பக்கத்தில் இறந்தவர்கள் என்று இன்னொரு கட்டமும் சேர்த்து, 2021 நவம்பர் 19-க்கும் ஒரு வரிசை கொடுங்கள்.

எங்கள் பக்கம் செய்வதையும் சொல்லிவிடுகிறேன். குடியாத்தத்தில் நாங்கள் சில மேஸ்திரிகள் சேர்ந்து, ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் பழைய வீட்டுச் சுவரைப் பார்த்துச் சொல்லக் காசு வாங்குவதில்லை என்று முடிவு செய்திருக்கிறோம். முட்டுக் கொடுக்கச் சவுக்குக் கழி எங்களிடம் இருக்கிறது, ஏற்றிக்கொண்டு வருகிற வண்டி வாடகையை மட்டும் வீட்டுக்காரர் கொடுத்தால் போதும். எங்கள் பெயர்களை வார்டு உறுப்பினரிடம் கொடுத்துவிட்டோம். பேரணாம்பட்டிலும் ஆம்பூரிலும் இருக்கிற கொத்தனார்கள் இதைப் படித்தால் அவர்களும் தங்கள் வார்டில் பெயர் கொடுக்கலாம்.

இப்படிக்கு,
ஒரு கட்டட மேஸ்திரி,
குடியாத்தம், வேலூர் மாவட்டம்.